முகம் தெரியும், பெயர் தெரியாது

ஒரு சின்னக் கேள்வி. 'டைட்டானிக்' படத்தில் வெள்ளைத் தாடியோடு வருகிற கப்பல் கேப்டனை ஞாபகம் இருக்கிறதா? கண்டிப்பாக இருக்கும். 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' இரண்டாவது, மூன்றாவது பாகங்களில் ரோஹன் நாட்டு மன்னராக, குதிரைப்படையை நடத்திக்கொண்டு போகிற தியோடன்? அவரையும் மறந்திருக்க மாட்டீர்கள்.

இரண்டு பேரும் ஒரே ஆள்தான்.

இது எனக்கு ரொம்ப நாள் தெரியாது. இரண்டு படங்களையும் எத்தனை முறை பார்த்தேன் என்று கணக்கே இல்லை. விடுதியில் ஒரு நண்பன் சொன்னபோது 'சான்ஸே இல்லை' என்று பந்தயம் கட்டி, இரண்டு செட் பரோட்டா தோற்றேன். :-) பரோட்டா போனது பரவாயில்லை. இத்தனை முறை பார்த்த ஒரு மனிதரின் பெயரைக்கூடத் தெரிந்துகொள்ளாமல் இருந்துவிட்டோமே என்பதுதான் உறுத்தியது. அந்த உறுத்தலில் அவர் நடித்த மற்றவற்றைத் தேடிப் பார்க்க ஆரம்பித்தேன். பார்த்தபின் எனக்கு ஒரு கருத்து உருவாகியிருக்கிறது. அதைச் சொல்லத்தான் இந்தக் கட்டுரை.

அவர் பெயர் பெர்னார்ட் ஹில். 1944 டிசம்பர் 17-ல் இங்கிலாந்தின் மான்செஸ்டரில் பிறந்தார். சுரங்கத் தொழிலாளர்கள் வழிவந்த கத்தோலிக்கக் குடும்பம். 2024 மே 5-ல், 79 வயதில் இறந்துபோனார்.

சினிமா வினாடிவினாக்களில் இவரைப் பற்றி ஒரே ஒரு கேள்விதான் வரும். இதுவரை 11 ஆஸ்கர் விருதுகள் வாங்கிய படங்கள் மூன்று: 'பென்ஹர்' (1959), 'டைட்டானிக்' (1997), 'ரிட்டர்ன் ஆஃப் த கிங்' (2003). இந்த மூன்றில் இரண்டு படங்களில் முக்கிய வேடத்தில் நடித்தவர் யார்? விடை: பெர்னார்ட் ஹில். அதோடு கேள்வி முடிந்துவிடும், அடுத்த கேள்விக்குப் போய்விடுவார்கள்.

எனக்கு அங்கேதான் இன்னொரு கேள்வி எழுந்தது. 11-ம் 11-ம் 22. இந்த 22 ஆஸ்கரில் நடிப்புக்கு எத்தனை?

பூஜ்யம்.

'டைட்டானிக்' கேட் வின்ஸ்லெட்டுக்கும் குளோரியா ஸ்டுவர்ட்டுக்கும் பரிந்துரை வாங்கித் தந்தது, விருது வாங்கித் தரவில்லை. 'ரிட்டர்ன் ஆஃப் த கிங்' பரிந்துரைக்கப்பட்ட 11 பிரிவுகளிலும் ஜெயித்தது. ஆனால் அந்த 11-ல் நடிப்புப் பிரிவு ஒன்றுகூட இல்லை. உடைக்கு, ஒலிக்கு, எடிட்டிங்குக்கு, பாட்டுக்கு, கணினி வித்தைகளுக்கு எல்லாம் கொடுத்தார்கள். அந்த உடைகளைப் போட்டுக்கொண்டு, இல்லாத கடலையும் இல்லாத பகைவர் படையையும் நம்மை நம்பவைத்த ஆட்களுக்கு ஒன்றும் இல்லை. ஹில்லுக்கு வாழ்நாளில் ஒரு ஆஸ்கர் பரிந்துரைகூடக் கிடைத்ததில்லை. இத்தனைக்கும் 'பென்ஹர்' படத்தில் ஷேக் இல்டரிமாக வந்த வேல்ஸ் நாட்டுக் குணச்சித்திர நடிகர் ஹ்யூ கிரிஃபித்துக்குத் துணை நடிகர் விருது கொடுத்தவர்கள்தான் இவர்கள்.

விருது கிடைக்காததற்காக அழுவதற்கு நான் வரவில்லை. விருதுகள் எப்படிப் போகின்றன என்று எல்லோருக்கும் தெரியும். நான் சொல்ல வருவது வேறு. 'குணச்சித்திர நடிகர்' என்ற சொல்லை நாம் ஏதோ ஆறுதல் பரிசு மாதிரிப் பயன்படுத்துகிறோம். கதாநாயகன் ஆகமுடியாதவருக்குக் கொடுக்கிற பட்டம் மாதிரி. ஹில்லின் வாழ்க்கையைப் பார்த்தபின் எனக்கு அது தலைகீழாகத் தெரிகிறது. ஒரு நட்சத்திரத்தால் செய்யவே முடியாத ஒரு வேலை இருக்கிறது. அதைத்தான் இவர் நாற்பது வருடங்களுக்கு மேல் செய்தார்.

அது என்ன வேலை என்று சொல்வதற்கு முன் 1970-களின் லிவர்பூலுக்குப் போக வேண்டும்.

ஹில் மான்செஸ்டரில் நாடகம் படித்தவர். பிறகு லிவர்பூலில் எவ்ரிமேன் தியேட்டருக்கு வந்தார். அந்தக் காலத்தில் அங்கே ஆலன் டாஸர் என்ற இயக்குநர் ஒரு நடிகர் குழுவை நடத்திக்கொண்டிருந்தார். அந்த மேடையில் அந்தக் காலகட்டத்தில் நடித்தவர்கள் யார் யார் என்று பாருங்கள்: ஜூலி வால்டர்ஸ், பில் நை, பீட் போஸ்ட்லெத்வெய்ட், ஜொனாதன் பிரைஸ், ஆன்டனி ஷெர். பெயர் தெரியாவிட்டாலும் பரவாயில்லை, முகங்களை நீங்கள் பார்த்திருப்பீர்கள். ஜூலி வால்டர்ஸ்தான் 'ஹாரி பாட்டர்' படங்களில் ரானின் அம்மா. ஒரு ஊரின் ஒரு அரங்கிலிருந்து இத்தனை பேர்! 1974-ல் வில்லி ரஸ்ஸல் எழுதிய பீட்டில்ஸ் பற்றிய நாடகத்தில் ஹில் ஜான் லெனனாக நடித்தார். மான்செஸ்டர்காரர் லிவர்பூலின் செல்லப்பிள்ளையாக, அதுவும் லிவர்பூல் மேடையிலேயே! இரண்டு ஊருக்கும் சுமார் 50 கிலோமீட்டர்தான் தூரம். ஆனால் கால்பந்து பார்க்கிறவர்களுக்குத் தெரியும், அந்த 50 கிலோமீட்டர் எவ்வளவு பெரிய தூரம் என்று.

தொலைக்காட்சியில் சின்னச் சின்ன வேடங்கள் வந்தன. 1973-ல் மைக் லீ இயக்கிய 'ஹார்ட் லேபர்'. 1976-ல் பி.பி.சி.யின் புகழ்பெற்ற 'ஐ, கிளாடியஸ்' தொடரில் ஒரு ரோமானியச் சிப்பாய். கலிகுலா கொல்லப்பட்டதும் திரைக்குப் பின்னால் நடுங்கிக்கொண்டு ஒளிந்திருக்கும் கிளாடியஸைக் கண்டுபிடித்து வெளியே இழுப்பாரே, அவர்தான். 1982-ல் வந்த அட்டன்பரோவின் 'காந்தி' படத்திலும் இருக்கிறார், சார்ஜென்ட் புட்னம் என்ற சிறிய வேடத்தில். நம்மில் பலரும் அந்தப் படத்தைப் பார்த்திருக்கிறோம். அவரைப் பார்த்த ஞாபகம் உங்களுக்கு இருக்கிறதா? எனக்கு இல்லை.

அதே 1982-ல்தான் யாஸர் ஹ்யூஸ் வந்தான்.

ஆலன் பிளீஸ்டேல் என்ற லிவர்பூல் எழுத்தாளர் 'த பிளாக் ஸ்டஃப்' என்று ஒரு தொலைக்காட்சி நாடகம் எழுதினார். 'பிளாக் ஸ்டஃப்' என்றால் ரோடு போடுகிற தார். லிவர்பூலிலிருந்து மிடில்ஸ்பரோவுக்குத் தார் போடப் போகிற ஒரு கூலிக் குழுவின் கதை. முதலாளிக்குத் தெரியாமல் தனியாக ஒரு வேலையை ஒப்புக்கொண்டு, சேர்த்த பணத்தையும் ஏமாந்து, இருந்த வேலையையும் இழக்கிறார்கள். அது 1980-ல் ஒளிபரப்பானது. அதன் தொடர்ச்சியாக 1982 அக்டோபரில் 'பாய்ஸ் ஃப்ரம் த பிளாக்ஸ்டஃப்' என்று ஐந்து பகுதிகள் பி.பி.சி. 2-ல் வந்தன. வேலை போன அந்த ஆட்களுக்கு அதற்குப்பின் என்ன ஆனது என்பதுதான் கதை.

அப்போது பிரிட்டனில் மார்கரெட் தாட்சரின் ஆட்சி. 1982 ஜனவரியில் வேலையில்லாதோர் எண்ணிக்கை 30 லட்சத்தைத் தாண்டியிருந்தது. லிவர்பூல் மாதிரியான துறைமுக, தொழிற்சாலை நகரங்கள்தான் அதிகம் அடி வாங்கின. இந்தச் சமயத்தில் தொலைக்காட்சியில் ஒருவன் வருகிறான். கறுப்பு உடை, தடித்த மீசை, வெறித்த கண்கள். பின்னாலேயே வால் பிடித்த மாதிரி மூன்று குழந்தைகள் (மூவரும் பிளீஸ்டேலின் சொந்தப் பிள்ளைகள்). வேலை செய்துகொண்டிருக்கிற யாரைப் பார்த்தாலும் போய் நின்று, 'எனக்கு ஒரு வேலை குடு... நான் செய்வேன்... என்னால முடியும்' என்று கேட்கிறான். லிவர்பூல் கொச்சையில் அது 'கிஸ்ஸா ஜாப்'.

அந்த இரண்டு வார்த்தை நாடு முழுக்கப் பரவியது. கால்பந்து மைதானத்தில் ரசிகர்கள் கோரஸாகக் கத்தினார்கள். வேலையில்லாத ஒரு தலைமுறைக்கே அது முழக்கமானது. ஒருபக்கம் கிண்டல், இன்னொரு பக்கம் அழுகை. தொடருக்கு அந்த ஆண்டுக்கான சிறந்த நாடகத் தொடர் பாஃப்டா விருது கிடைத்தது. 2000-ல் பிரிட்டிஷ் ஃபிலிம் இன்ஸ்டிட்யூட் தயாரித்த, பிரிட்டனின் மிகச் சிறந்த 100 தொலைக்காட்சி நிகழ்ச்சிகள் பட்டியலில் அது 7-வது இடத்தில் இருந்தது.

யாஸர் நல்லவனா என்றால், இல்லை. அது முக்கியம். தலையால் முட்டுவான். பொய் பெருமை பேசுவான். ஒரு இடத்தில் சுவர் கட்டுகிற வேலை கிடைக்கிறது. 'என்னால முடியும்' என்று சொன்னவன் கட்டிய சுவர் கோணல்மாணலாக நிற்கிறது. அதைத் தட்டிக்கேட்டவருக்கும் முட்டுதான் கிடைக்கிறது. ஏழை என்றால் அப்பாவி, வேலையில்லாதவன் என்றால் தியாகி என்று எழுதியிருந்தால் எல்லோரும் ஒரு உச்சுக் கொட்டிவிட்டு மறந்திருப்பார்கள். பிளீஸ்டேல் அப்படி எழுதவில்லை, ஹில்லும் அப்படி நடிக்கவில்லை. நமக்கு அவனைப் பார்த்தால் பயமாக இருக்கிறது. சிரிப்பும் வருகிறது. சிரித்ததற்கு அடுத்த நிமிடமே வெட்கமாகவும் இருக்கிறது.

நான்காவது பகுதி முழுக்க அவன் கதைதான். பிலிப் சாவில் இயக்கியது. மற்ற நான்கையும் வீடியோவில் எடுத்தவர்கள் இதை மட்டும் ஃபிலிமில் எடுத்தார்கள். ஒவ்வொன்றாகப் போகிறது. மனைவி போகிறாள், குழந்தைகளை அரசு அதிகாரிகள் கூட்டிக்கொண்டு போகிறார்கள், வீடு போகிறது. லிவர்பூல் கால்பந்து அணியின் கிரேம் சூனஸ் ஒரு காட்சியில் தானாகவே வருகிறார். யாஸர் அவரருகே போய் உட்கார்ந்து, 'நீயும் என்னை மாதிரியே இருக்கே' என்கிற ரீதியில் பேசுகிறான். தானும் யாரோ ஒரு ஆளாக இருந்திருக்க வேண்டியவன் என்ற அந்த நினைப்பு! சிரிக்கவைக்கிற காட்சிதான், ஆனால் பார்த்து முடித்தபின் தொண்டையில் ஏதோ நிற்கிறது. கடைசியில் அவன் ஏரியில் மூழ்கிச் சாகப் பார்க்கிறான். போலீஸ்காரர்கள் வெளியே இழுத்துப் போடுகிறார்கள். சாவதற்குக்கூட அவனுக்கு அனுமதி இல்லை.

இப்போது என் கருத்துக்கு வருகிறேன்.

யாஸரைப் பார்த்துவிட்டு மறுபடியும் 'டைட்டானிக்' பாருங்கள். கேப்டன் எட்வர்ட் ஸ்மித்தின் காட்சிகளை மட்டும் கவனியுங்கள். முதல் பாதியில் அவர் ஒரு மரியாதைக்குரிய பெரியவர். கம்பெனி முதலாளி இஸ்மே பக்கத்தில் உட்கார்ந்து, சீக்கிரம் போய்ச் சேர்ந்தால் பத்திரிகைகளில் பெரிதாக வரும் என்று நைசாகப் பேசுகிறார். ஸ்மித்துக்கு அது பிடிக்கவில்லை, ஆனால் மறுக்கவும் இல்லை. பனிப்பாறையில் மோதியபின், கப்பலை வடிவமைத்த ஆண்ட்ரூஸ் வரைபடத்தை விரித்து, இது மூழ்கும், ஒரு மணி நேரமோ இரண்டு மணி நேரமோதான் என்று கணக்கு சொல்கிறார். அந்த இடத்தில் ஹில்லின் முகத்தைப் பாருங்கள். கத்தவில்லை, மேசையைத் தட்டவில்லை. ஒரு மனிதனுக்குள்ளிருந்து ஏதோ ஒன்று கழன்று விழுவது மட்டும் தெரிகிறது. பிறகு கைக்குழந்தையோடு ஒரு பெண் வந்து 'எங்கே போகணும் கேப்டன்?' என்று கேட்கும்போது அவரிடம் பதில் இல்லை. கடைசியில் தனியாகப் போய்ச் சுக்கான் அறைக் கதவைச் சாத்திக்கொண்டு நிற்கிறார், கண்ணாடி உடைந்து தண்ணீர் பாய்கிறது.

நிஜ ஸ்மித் கடைசி நிமிடங்களில் என்ன செய்தார் என்பது யாருக்கும் உறுதியாகத் தெரியாது. உயிர் தப்பியவர்கள் ஆளுக்கொரு விதமாகச் சொன்னார்கள். படம் அதில் ஒன்றைத் தேர்ந்தெடுத்தது. அதை நம்பவைத்தது ஹில்லின் அந்த மௌனம்.

அடுத்து தியோடன். 'டூ டவர்ஸ்' படத்தில் அறிமுகமாகும்போது அவர் சூனியத்தில் கட்டுண்ட கிழவர். மன்னர் என்று பெயர்தான், ஆட்சி வேறு யார் கையிலோ. சூனியம் விலகி, முகத்தில் உயிர் வந்து, வாளைக் கையில் எடுத்தபின் அவர் கேட்கிற கேள்வி, என் மகன் எங்கே. மகன் ஏற்கெனவே செத்துவிட்டான். அவன் கல்லறையருகே நின்று அவர் உடைகிற காட்சி, மூன்று படங்களும் சேர்ந்த அந்த ஒன்பது மணி நேரத்துக்கும் மேலான பிரம்மாண்டத்தில் மிகச் சின்னது. ஓர்க் இல்லை, மந்திரம் இல்லை. ஒரு அப்பா, ஒரு மண்மேடு, சில வெள்ளைப் பூக்கள். மூன்றாம் பாகத்தில் ஆறாயிரம் குதிரைகளுக்கு முன்னால் அவர் கத்துகிற கத்தலுக்கு நமக்குப் புல்லரிக்கிறது என்றால், அதற்கான அஸ்திவாரம் இந்தக் கல்லறைக் காட்சியில் இருக்கிறது. தோற்றுப்போவோம் என்று தெரிந்தே போகிற கிழவரின் கத்தல் அது.

வேலை போன தார்க் கூலி. கப்பல் போன கேப்டன். மகனும் மானமும் போன மன்னன். மூன்றுமே ஒரே மனிதனின் கதை என்று எனக்குத் தோன்றுகிறது. 'நான் யார்' என்ற கேள்விக்கு ஒரு பதவியை, ஒரு வேலையைப் பதிலாக வைத்திருந்த ஆண், அந்தப் பதில் பறிபோனபின் என்ன ஆகிறான்? இதுதான் ஹில் திரும்பத் திரும்ப நடித்த விஷயம். வேண்டுமானால் இன்னும் உதாரணம் தருகிறேன். 1984-ல் டாம் ஸ்டாப்பர்ட் எழுதிய 'ஸ்க்வேரிங் த சர்க்கிள்' தொலைக்காட்சிப் படத்தில் போலந்தின் தொழிற்சங்கத் தலைவர் லெக் வலேசா. 1989-ல் 'ஷர்லி வாலன்டைன்' படத்தில், கிழமைக்கு ஒரு சாப்பாடு என்று கணக்கு வைத்திருக்கிற கணவன் ஜோ. மனைவி விட்டுவிட்டு கிரீஸுக்குப் போனபின், அவளைத் தேடிப் பெட்டியும் கையுமாக வருகிறான். அடையாளம் தெரியாமல் அவளைத் தாண்டியே நடந்து போகிறான். 1999-ல் கிளின்ட் ஈஸ்ட்வுட் இயக்கிய 'ட்ரூ க்ரைம்' படத்தில், நிரபராதியாக இருக்கக்கூடிய ஒருவனுக்கு மரண தண்டனை நிறைவேற்ற வேண்டிய சிறை அதிகாரி. எல்லோரும் ஒரு நாற்காலியில் உட்கார்ந்திருப்பவர்கள். அந்த நாற்காலி ஆடுகிற நிமிடத்தில்தான் ஹில் நடிக்க ஆரம்பிப்பார்.

இன்னொரு தற்செயலும் கண்ணில் பட்டது. பீட்டர் கிரீனவே இயக்கிய 'ட்ரவுனிங் பை நம்பர்ஸ்' (1988) படத்தில் அவர் ஒரு மரண விசாரணை அதிகாரி. கடைசியில் மூழ்குகிற படகில் தனியாக விடப்படுகிறார். ஏரியில் யாஸர், படகில் இவர், கடலில் கேப்டன் ஸ்மித். மூன்று முறை தண்ணீரோடு கணக்கு! இதற்குப் பெரிய அர்த்தம் எல்லாம் இல்லை, சும்மா சொல்லிவைத்தேன்.

இதை ஒரு நட்சத்திரத்தால் ஏன் செய்யமுடியாது? நட்சத்திரம் படத்துக்குள் வரும்போதே தன் பெயரையும் கூட்டிக்கொண்டு வருகிறார். அவர் தோற்றாலும் அது அழகான தோல்வி. கிளைமாக்ஸில் எழுந்துவிடுவார் என்று நமக்குத் தெரியும். ஹில்லுக்கு அந்தப் பாதுகாப்பு கிடையாது. அவர் பெயர் நமக்குத் தெரியாது என்பதே அவருக்கு ஆயுதம். கேப்டன் ஸ்மித் மூழ்கும்போது 'ஐயோ, கேப்டன்!' என்றுதான் நினைக்கிறோம், 'ஐயோ, பெர்னார்ட் ஹில்!' என்று நினைப்பதில்லை. நான் பரோட்டா தோற்றதற்கும் இதுதான் காரணம். அது என் மறதி என்று முதலில் நினைத்தேன். இப்போது அது அவருடைய வெற்றி என்று நினைக்கிறேன்.

இதற்கு ஒரு மறுப்பு சொல்லலாம். 'டைட்டானிக் யார் நடித்திருந்தாலும் ஓடியிருக்கும், அதிர்ஷ்டத்தில் இரண்டு பெரிய படம் மாட்டியது, அவ்வளவுதானே?' என்று. பாதி உண்மை. படம் ஓடியதற்கு அவர் காரணம் இல்லைதான். அவர் நடித்த எல்லாமே பொக்கிஷம் என்றும் நான் சொல்லமாட்டேன். 'ஸ்கார்பியன் கிங்' (2002), 'கோதிகா' (2003) எல்லாம் பார்த்தேன், நேரம்தான் போனது. ஹாலிவுட் அவரைப் பல சமயம் 'கம்பீரமான வெள்ளைக்காரப் பெரியவர்' என்ற ஒரு பொம்மையாகத்தான் வாங்கிக்கொண்டது. யாஸருக்கு ஈடான ஒரு பாத்திரத்தை சினிமா அவருக்குக் கொடுக்கவே இல்லை என்பதுதான் என் வருத்தம். அவருக்குத் தீனி போட்டது தொலைக்காட்சிதான். 1983-ல் பி.பி.சி. ஷேக்ஸ்பியர் தொடரின் ஆறாம் ஹென்றி நாடகங்களில் யார்க் பிரபு, 1999-ல் 'கிரேட் எக்ஸ்பெக்டேஷன்ஸ்' தொடரில் மாக்விச், 2010-ல் 'கனூ மேன்' படத்தில் இன்ஷூரன்ஸ் பணத்துக்காகச் செத்த மாதிரி நடித்த நிஜ மனிதர் ஜான் டார்வின், 2015-ல் 'உல்ஃப் ஹால்' தொடரில் வாய் நாறப் பேசுகிற நார்ஃபோக் பிரபு. அந்தக் கடைசி வேடத்தை 2024-ல் வந்த இரண்டாம் பகுதியில் டிமதி ஸ்பால் நடித்தார். அவரும் பெரிய நடிகர்தான்.

இங்கேதான் எனக்கு நிஜமான கவலை ஒன்று இருக்கிறது. யாஸர் மாதிரி ஒரு பாத்திரம் வானத்திலிருந்து குதிக்கவில்லை. உள்ளூரில் ஒரு அரங்கம், அதில் வருடக்கணக்காகச் சேர்ந்து வேலை செய்யும் நடிகர்களும் எழுத்தாளர்களும், பிறகு 'ப்ளே ஃபார் டுடே' (1970–1984) மாதிரி புது எழுத்தாளர்களை நம்பித் தனி நாடகங்களை ஒளிபரப்பிய ஒரு பி.பி.சி. இத்தனையும் இருந்ததால்தான் சுரங்கக் குடும்பத்துப் பையன் ஒருவன் நடிகனாகி, கூலித் தொழிலாளியாக நடித்து, நாட்டின் மனசாட்சியை உலுக்க முடிந்தது. இங்கிலாந்தில் 1998 வரைக்கும் பல்கலைக்கழக மாணவர்கள் கல்விக் கட்டணம் கட்டவேண்டியதில்லை. இப்போது படிப்பதற்கே கடன். நாடகம் படித்துவிட்டு நாலைந்து வருடம் வருமானம் இல்லாமல் காத்திருப்பது வசதியான வீட்டுப் பிள்ளைகளால்தான் முடியும். அப்படியானால் அடுத்த யாஸராக யார் நடிப்பார்? யாஸரை ஜன்னல் வழியாகப் பார்த்தவர்களா? நடிக்கலாம்தான். ஆனால் அந்தக் கோணல் சுவரைக் கட்டும்போது கை எப்படி நடுங்கும் என்று அவர்களுக்கு எங்கிருந்து தெரியும்?

கடைசி வருடம் படிக்கிற எனக்கு இது வெறும் சினிமா விஷயமாகத் தெரியவில்லை. வளாகத் தேர்வில் பெயர் வருமா வராதா என்று அறிவிப்புப் பலகையைப் பார்த்துக்கொண்டிருக்கிற மாதங்கள் இவை. 'நான் செய்வேன், என்னால முடியும்' என்று நாங்கள் டை கட்டிக்கொண்டு நாகரிகமாகச் சொல்கிறோம். யாஸர் அதையே தலைவிரி கோலமாகச் சொன்னான். வித்தியாசம் அவ்வளவுதான். வேலையை மட்டுமே தன் பெயராக வைத்துக்கொண்டால் அது போகும் நாளில் மிச்சம் என்ன இருக்கும் என்று அந்த ஒரு மணி நேரம் என்னை யோசிக்கவைத்த மாதிரி எந்த ஆளுமை வளர்ச்சி வகுப்பும் யோசிக்கவைக்கவில்லை.

ஹில்லின் கடைசி நாள் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். 2024 மே 5, ஞாயிற்றுக்கிழமை. அன்று இரவு பி.பி.சி.யில் 'த ரெஸ்பாண்டர்' இரண்டாம் பருவம் ஆரம்பமாக இருந்தது. லிவர்பூலில் இரவு ரோந்து போகிற ஒரு போலீஸ்காரரின் கதை, முன்னாள் போலீஸ்காரர் ஒருவர் எழுதியது. நாயகன் மார்ட்டின் ஃப்ரீமனின் அப்பாவாக ஹில் நடித்திருந்தார். அவர் இறந்த செய்தி வந்ததும் அதே நாள்தான். அன்று லிவர்பூலில் ஒரு ரசிகர் மாநாடும் நடந்துகொண்டிருந்தது. ஹில்லும் வருவதாக இருந்து, கடைசி நேரத்தில் வரமுடியாமல் போனது. 'லார்ட் ஆஃப் த ரிங்ஸ்' படத்தின் நான்கு ஹாபிட்டுகளாக நடித்தவர்களும் அந்த மேடையில் நின்று தங்கள் மன்னருக்கு அஞ்சலி செலுத்தினார்கள். அந்த மாதமே, லண்டன் நேஷனல் தியேட்டரில் 'பாய்ஸ் ஃப்ரம் த பிளாக்ஸ்டஃப்' நாடகமாக மேடையேறியது. யாஸராக வேறொரு நடிகர்.

லிவர்பூலில் தொடங்கி லிவர்பூலிலேயே முடிந்த பயணம். நடுவில் கடலுக்கு அடியிலும் ரோஹன் புல்வெளியிலும் சுற்றிவிட்டு வந்திருக்கிறார்.

அடுத்த முறை 'டைட்டானிக்' டி.வி.யில் போட்டால் (எப்படியும் போடுவார்கள்), ஜாக்கும் ரோஸும் கப்பல் முனையில் கை விரிப்பதைப் பார்த்து முடித்தபின், அந்தத் தாடிக்காரர் வருகிற காட்சிகளுக்கும் கொஞ்சம் நேரம் ஒதுக்குங்கள். முடிந்தால் யாஸரைத் தேடிப் பிடித்துப் பாருங்கள். படம் முடிந்து எழுத்துகள் ஓடும்போது உடனே எழுந்துவிடாமல் ஒரு பெயரையாவது வாசித்துவிட்டு எழுந்திருப்போம். இத்தனை வருடம் நமக்காக மூழ்கிய மனிதருக்கு அந்த அரை நிமிடம்கூடத் தராமல் இருந்தோமே என்று இப்போது கூச்சமாக இருக்கிறது.